கஜம் என்ன விலை?

உயர்குடிப் பெண்களும் அவர்களைச் சுற்றி எழுந்த புத்தகங்களும் என்பது இந்த அறக்கட்டளைச் சொற்பொழிவுக்கான பொருள். கரை காண முடியாத பொருள். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் ஜப்பானிய அரண்மனையில் இருந்து எழுதிய முரசாகி ஷிகிபுவிடம் தொடங்கலாம். பதினேழாம் நூற்றாண்டுப் பாரிஸின் வரவேற்பறைகளிலும் தொடங்கலாம். ஒரு மணி நேரத்தில் எல்லாவற்றையும் தொட்டால் எதையும் பிடித்ததாகாது. ஆகவே இங்கிலாந்தில், ஏறத்தாழ 1760 முதல் 1860 வரை அச்சேறிய சில நூல்களோடு நிறுத்திக்கொள்கிறேன். நிறுவ விரும்புவதும் ஒன்றே ஒன்றுதான். சீமாட்டிகளைப் பற்றிப் பிறர் எழுதியவை பணத்தைப் பற்றி வாய் திறக்கவில்லை. பெண்கள் தாங்களே எழுதியவை ஒவ்வொன்றுக்கும் விலை சொல்லின. நடனமும் பட்டாடையும் வம்பளப்பும் நிறைந்த பொழுதுபோக்கு என்று நம் பேராசிரியர்கள் பலர் ஓரமாக வைத்த இந்த நாவல்களில், சொத்துரிமை இல்லாத ஒரு கூட்டத்தின் வரவு செலவு துல்லியமாகப் பதிவாகியிருக்கிறது.

ஜேன் ஆஸ்டினின் 'நார்த்தாங்கர் அபே'யில் ஒரு சிறு காட்சி வருகிறது. இடம் பாத் நகரத்து நடன மண்டபம். குண்டூசி குத்தித் தன் சட்டைக் கை கிழிந்துவிட்டதோ என்று திருமதி ஆலனுக்குக் கவலை. கஜம் ஒன்பது ஷில்லிங் துணிதான் என்றாலும் மனதுக்குப் பிடித்த உடை. பக்கத்தில் நிற்கும் இளைஞர் ஹென்றி டில்னி, அந்த விலையைத்தான் நானும் மதிப்பிட்டிருப்பேன் என்கிறார். தன் சகோதரிக்கு அசல் இந்திய மஸ்லினைக் கஜம் ஐந்து ஷில்லிங்குக்கு வாங்கியதாகவும், பார்த்த பெண்களெல்லாம் கொள்ளை மலிவு என்றதாகவும் சொல்கிறார். கதாநாயகி கேதரின் உடுத்தியிருப்பதைப் பார்த்து, அழகுதான், ஆனால் துவைத்தால் தாங்காது, இழை பிரியும் என்று தீர்ப்பும் வழங்குகிறார். சிரித்துவிட்டுக் கடந்துபோகிற இடம்தான். ஆனால் இந்த அரைப் பக்கத்துக்குள் துணியின் பெயர், அது வந்த நாடு, விலை, எத்தனை சலவை தாங்கும் என்பது வரை வந்துவிட்டது. ஓர் ஆணுக்கு இவ்வளவும் தெரிந்திருக்கிறதே என்பதில்தான் நகைச்சுவை இருக்கிறது. பெண்ணுக்குத் தெரியாமல் தீராது. வருமானம் தேடிக்கொள்ள வேறு வழி விடப்படாதவளுக்கு, உடுத்திக்கொண்டு மண்டபத்துக்குள் நுழைவதுதான் முதலீடு.

அதே காலத்தில் பெண்களுக்காக ஆண்கள் எழுதிய நூல்களை அருகில் வைத்துப் பாருங்கள். ஜேம்ஸ் ஃபோர்டைஸ் என்ற போதகர் 1766இல் இளம் பெண்களுக்கான பிரசங்கங்களை வெளியிட்டார். டாக்டர் ஜான் கிரெகரி தம் மகள்களுக்கு எழுதிய அறிவுரை 1774இல் வந்தது. படித்த பெண் தன் படிப்பை, முக்கியமாக ஆண்களிடமிருந்து, மறைத்துக்கொள்வது நல்லது என்பது அதில் வரும் புகழ்பெற்ற யோசனை. இரண்டும் திரும்பத் திரும்ப அச்சாயின. அடக்கம், நாணம், மென்மை என்று பக்கம் பக்கமாகப் பேசும் இவற்றில், அடக்கமான பெண்ணுக்கு ஆண்டுக்கு எத்தனை பவுண்டு வேண்டும், அதை யார் தருவார் என்ற கேள்வி எழவே எழாது. சட்டமோ அந்தக் கேள்விக்கு ஒரே வரியில் பதில் வைத்திருந்தது. கணவனும் மனைவியும் சட்டத்தின் கண்ணில் ஒரே ஆள் என்று 1765இல் பிளாக்ஸ்டன் தம் சட்ட விளக்க நூலில் எழுதிவைத்தார். அந்த ஒரே ஆள் கணவன்தான் என்பதை விளக்க வேண்டியதில்லை. வழக்கறிஞரை வைத்து அறக்கட்டு எழுதி மகளின் பங்கைக் காப்பாற்றப் பணக்காரக் குடும்பங்களுக்கு வழி இருந்தது. மற்றவர்களுக்கு, மணவறை ஏறிய அன்றே கையிருப்பும் பின்னால் சம்பாதிப்பதும் கணவனுடையது. மனைவியின் சம்பாத்தியம் அவளுக்கே உரியது என்று சட்டம் சொன்னது 1870இல். சொத்து முழுவதற்குமான சட்டம் 1882இல் நிறைவேறி மறு ஆண்டு நடைமுறைக்கு வந்தது. இன்று நான் பேசப்போகும் எழுத்தாளர்களில் ஒருவர்கூட அந்த ஆண்டைப் பார்க்கவில்லை.

இந்த நிலையை வெளியே நின்று பார்க்கும் வாய்ப்பு லேடி மேரி வோர்ட்லி மாண்டகுவுக்குக் கிடைத்தது. அவருடைய திருமணப் பேச்சே சொத்து விஷயத்தில் முறிந்தது. பிறக்காத மூத்த மகன்மேல் சொத்தை இப்போதே எழுதிவைக்க வேண்டும் என்று தந்தை கேட்க, மாப்பிள்ளை வோர்ட்லி மறுக்க, சம்பந்தம் நின்றுபோய், 1712இல் இருவரும் யாருக்கும் சொல்லாமல் போய் மணந்துகொண்டார்கள். பின்னர் கணவர் துருக்கிக்குத் தூதராகப் போனபோது உடன் போனார். 1717இல் சகோதரிக்கு எழுதிய கடிதத்தில், துருக்கிப் பெண்கள் அடிமைகள் என்று ஐரோப்பிய ஆண் பயணிகள் எழுதியதை எள்ளி நகையாடுகிறார். அவர் முன்வைக்கும் ஆதாரம் முகத்திரை தரும் மறைவு மட்டும் அல்ல, கைப்பணமும். செல்வர் வீட்டுத் துருக்கிப் பெண்ணின் பணம் அவள் கையில். மணவிலக்கு நேர்ந்தால் அதோடு கூடுதலும் வாங்கிக்கொண்டு போவாள். சோபியா நகரின் குளியல் மண்டபத்தில் அங்குள்ள பெண்கள் இவருடைய இறுக்குக் கச்சையைப் பார்த்து, கணவன் பூட்டிவைத்த பெட்டி என்று நினைத்ததையும் எழுதியிருக்கிறார். அவர் கண்டது பெரிய வீட்டுப் பெண்களை மட்டும்தான். அந்த வீடுகளின் அடிமைப் பெண்களைப் பற்றி இதே தெளிவு அவருக்கு வாய்க்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். ஆனாலும் கேட்ட கேள்வி சரியான கேள்வி. 1762இல் அவர் இறந்தார். குடும்பத்தார் விரும்பாமலேயே 1763இல் கடிதங்கள் அச்சேறின. அவர் ஆண்டுக்கணக்கில் எழுதிய நாட்குறிப்பை மகள் எரித்துவிட்டார். மானமுள்ள குடும்பம் என்ற பேர் அதனால் நின்றது. நமக்கு நாட்குறிப்பு இல்லை.

பிரான்சிஸ் பர்னி 1778இல் 'ஈவ்லினா'வை வெளியிட்டபோது எழுதியவர் பெயர் அட்டையில் இல்லை. தந்தையின் இசை வரலாற்றுக்குப் படியெடுத்துக் கொடுத்தவர் இவர். அச்சகத்தில் கையெழுத்து அடையாளம் தெரிந்துவிடும் என்று, நாவல் முழுவதையும் மாற்றிய கையெழுத்தில் எழுதினார். பதிப்பாளர் கொடுத்தது 20 கினி. நாவல் நகரம் முழுக்கப் பேசப்பட்டது. அடுத்த நாவல் 'சிசிலியா'வுக்கு 250 பவுண்டு கிடைத்தது. ஈவ்லினா முதன்முறை லண்டன் கடைத்தெருவுக்குப் போகும்போது அவளை வியக்க வைப்பது பட்டு அல்ல, அதை விற்கும் ஆண்கள்: பெண் உடையின் ஒவ்வொரு மடிப்பும் அவர்களுக்குப் பெண்களைவிட நன்றாகத் தெரிந்திருக்கிறது. நடனத்தில் ஒருவரை மறுத்துவிட்டு இன்னொருவரோடு ஆடக்கூடாது என்ற விதி தெரியாமல் அவமானப்படுகிறாள். விதி என்னவோ அற்பமானதுதான். ஆனால் தந்தை ஏற்றுக்கொள்ளாத, குடும்பப் பெயர்கூட உறுதியில்லாத பதினேழு வயதுப் பெண்ணுக்கு ஒரு மாலையில் செய்யும் பிழைக்குக் கொடுக்கும் விலை அதிகம். 'சிசிலியா'வில் இது இன்னும் வெளிப்படை. மணப்பவன் தன் குடும்பப் பெயரை விட்டுச் சிசிலியாவின் பெயரை ஏற்றால்தான் ஆண்டுக்கு 3,000 பவுண்டு வருமானம் அவளுக்கு. அவள் கையில் ரொக்கமாக இருந்த 10,000 பவுண்டையோ காப்பாளராக அமைந்த ஆடம்பர மனிதர் தற்கொலை மிரட்டல் விட்டே கரைத்துவிடுகிறார். கடைசியில் அவர் சுட்டுக்கொண்டு சாவது வாக்ஸ்ஹால் கேளிக்கைத் தோட்டத்தில், விளக்குகளுக்கும் வாத்தியத்துக்கும் நடுவில். நாகரிகச் சமூகம் கடனில்தான் நடக்கிறது என்பதைப் பர்னி எந்தப் பொருளாதார நூலையும் எதிர்பார்க்காமல் எழுதிவிட்டார்.

இந்த வகை எழுத்தின் உச்சம், என் மதிப்பில், ஜேன் ஆஸ்டினின் 'சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி'யின் இரண்டாம் அத்தியாயம். சிறிய அத்தியாயம், கணவனும் மனைவியும் பேசிக்கொள்வதைத் தவிர வேறொன்றும் நடப்பதில்லை. சாகும் தறுவாயில் தந்தை கேட்டுக்கொண்டபடி, மாற்றாந்தாயையும் அவர் பெற்ற மூன்று தங்கைகளையும் கவனித்துக்கொள்வதாக ஜான் டேஷ்வுட் வாக்குக் கொடுத்திருக்கிறான். அவனுக்கு வந்து சேரும் பண்ணையின் வருமானம் ஆண்டுக்கு 4,000 பவுண்டு. தங்கைக்கு ஆயிரம் வீதம் 3,000 கொடுத்துவிடலாம் என்று தாராளமாகத் தீர்மானிக்கிறான். மனைவி ஃபேனி குரலை உயர்த்துவதே இல்லை. நம் பிள்ளையின் பங்கைக் குறைக்கலாமா என்கிறாள். ஆளுக்கு 500 ஆகிறது. மொத்தமாகக் கொடுப்பதைவிட மாற்றாந்தாய்க்கு ஆண்டுக்கு 100 கொடுத்தால் என்ன என்று அவனே யோசிக்கிறான். ஆண்டுத்தொகை வாங்குகிறவர்கள் சாவதே இல்லை, அவருக்கு நாற்பது வயதுகூட நிறைந்திருக்காது, உடம்பும் திடமாக இருக்கிறது என்கிறாள். தன் தாய் மூன்று பழைய வேலைக்காரர்களுக்கு ஆண்டுதோறும் அழுத கதையும் வருகிறது. சரி, அவ்வப்போது 50 பவுண்டு அன்பளிப்பு. அதுவும் எதற்கு? உங்கள் அப்பா நினைத்தது பணமாக இருக்காது. வீடு மாறும்போது சாமான் ஏற்ற உதவி, பருவத்தில் கொஞ்சம் மீன், வேட்டைக்கறி, இவ்வளவுதான். நால்வருக்கும் சேர்த்து ஆண்டுக்கு 500 வருகிறதே, வண்டி இல்லை, குதிரை இல்லை, அவர்களுக்கு என்ன செலவு என்று முடித்துவிட்டு, மாமியார் எடுத்துப்போகும் பீங்கான் பாத்திரங்கள் நம்முடையதைவிட உயர்ந்தவை என்று குறைப்படவும் செய்கிறாள். மூவாயிரம் பூஜ்யமாகும் வரை ஒரு கடுஞ்சொல்லும் விழவில்லை. பாகப்பிரிவினைப் பேச்சைத் திண்ணையில் உட்கார்ந்து கேட்டு வளர்ந்த தமிழ் வாசகருக்கு ஃபேனியின் குரல் புதிதல்ல. இந்த அத்தியாயத்தில் தொகைகளை எடுத்துவிட்டால் மிஞ்சுவது கெட்ட அண்ணி என்ற பழைய பாத்திரம் மட்டும்தான். பேராசையைத் திட்டாமல், அது எப்படி நியாயம்போலத் தன்னைத்தானே பேசிச் சமாதானப்படுத்திக்கொள்கிறது என்பதைக் காட்டுவது அந்த எண்களின் இறக்கம்.

எழுதியவரின் சொந்தக் கணக்கும் இதே ஒழுங்கில்தான் இருந்தது. 1811இல் ஒரு சீமாட்டி எழுதியது என்ற அடையாளத்தோடு மட்டும் வெளிவந்த இந்த நாவல் அவருக்கு 140 பவுண்டு லாபம் தந்தது. 'பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்' நாவலுக்கு 150 எதிர்பார்த்து 110க்கு உரிமையை விற்றார். 1803இல் 10 பவுண்டுக்கு ஒரு பதிப்பாளர் வாங்கி அச்சிடாமலே போட்டுவைத்திருந்த நாவலை, 1816இல் அதே 10 பவுண்டைக் கொடுத்துக் குடும்பத்தார் மீட்டார்கள். அதுதான் பின்னால் 'நார்த்தாங்கர் அபே' ஆனது. பாராட்டு பிடிக்கும், காசும் பிடிக்கும் என்ற பொருளில் உறவுப் பெண்ணுக்குக் கடிதம் எழுதியவர் அவர். நாவல்களின் லாபத்தைத் தன் கையாலேயே குறித்துவைத்த தாளும் மிஞ்சியிருக்கிறது. ஆனால் அவர் இறந்தவுடன் அண்ணன் ஹென்றி எழுதிய வாழ்க்கைக் குறிப்போ, புகழோ லாபமோ தொடக்கத்தில் அவர் எண்ணத்தில் இல்லை என்று உறுதி கூறுகிறது. சகோதரி கசாண்ட்ரா ஏராளமான கடிதங்களை அழித்தார். 1869 கடைசியில் வெளிவந்த அண்ணன் மகனின் நினைவு நூல், வீட்டோடு அடங்கிய அன்பான அத்தையை உலகத்துக்குக் கொடுத்தது. சீமாட்டியைப் பற்றிய புத்தகத்துக்கும் சீமாட்டியின் புத்தகத்துக்கும் உள்ள வேறுபாட்டுக்கு இதைவிடத் தெளிவான சான்று நான் காணவில்லை. அன்பினால்தான் மறைத்தார்கள். மறைத்தது மறைத்ததுதான்.

இனி மறுப்புகளுக்கு வருகிறேன். முதல் மறுப்பைச் சொன்னவர் சாதாரண ஆள் அல்ல, நாவலாசிரியை ஜார்ஜ் எலியட். 1856இல் 'வெஸ்ட்மின்ஸ்டர் ரெவியூ' இதழில், சீமாட்டி நாவலாசிரியைகளின் அசட்டு நாவல்களைக் கிழித்து ஒரு கட்டுரை எழுதினார். பர்னியையும் ஆஸ்டினையும் பொறுக்கியெடுத்துக் காட்டுகிறீர்களே, குவியலாக வந்த குப்பையை என்ன செய்வது என்ற கேள்விக்கு அந்தக் கட்டுரையைத்தான் எல்லோரும் துணைக்கு அழைப்பார்கள். அதை நிதானமாகப் படித்தால் வேறொன்று தெரிகிறது. பிழைப்புக்கு வேறு வழியில்லாத பெண்கள் எழுதுகிறார்கள் என்று எண்ணி இவர்கள்மேல் இரக்கப்பட்டிருந்ததாகச் சொல்லும் எலியட், படித்த பிறகு அந்த இரக்கத்தைக் கைவிடுகிறார். பதிப்பாளரின் கணக்கைப் பற்றிக் கவலையே இல்லாதவர்கள், வறுமை என்றால் என்னவென்று அறியாதவர்கள், கதாநாயகியைப் பெரும்பாலும் பெருஞ்சொத்துக்காரியாகவே பிறக்க வைப்பவர்கள் என்பது அவர் குற்றச்சாட்டில் முக்கியமானது. அதாவது, விலை தெரியாத எழுத்தைத்தான் அவர் அசடு என்றார். பின்னாளில் ஒரே நாவலுக்கு, 'ரொமோலா'வுக்கு, 7,000 பவுண்டு பெற்றவர் அவர். கணக்கைப் பற்றிய அவர் கருத்துக்கு மதிப்புக் கொடுக்கலாம். என் வாதத்துக்கு எதிர்ச்சாட்சியாக அழைக்கப்பட்டவர் என் பக்கமே பேசுகிறார்.

குவியலிலும் எல்லாம் குப்பையல்ல. 1820களிலும் 30களிலும் ஹென்றி கோல்பர்ன் என்ற பதிப்பாளர் மேட்டுக்குடி வாழ்க்கை நாவல்களைச் சரமாக இறக்கினார். பெரிய மனிதர்கள் வெள்ளி முள்கரண்டியால் மீன் சாப்பிடுவதைக் கண்டு வாய் பிளக்கும் எழுத்து என்று 1827இல் விமர்சகர் ஹாஸ்லிட் கேலி செய்தார். வெள்ளி முள்கரண்டி நாவல் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. அவற்றை எழுதியவர்களில் கேதரின் கோர் எழுபதுக்கு நெருக்கமான நூல்கள் எழுதிக் குடும்பத்தைக் காப்பாற்றினார். மனைவிக்குக் கணவன் கொடுக்கும் கைச்செலவுப் பணத்தையே 1831இல் 'பின் மணி' என்று ஒரு நாவலின் தலைப்பாக்கினார். 1843இல் எழுதிய நாவலில் வாடிக்கையாளரை ஏமாற்றும் வங்கியாளன் வருகிறான். அந்த நூலை அவர் சமர்ப்பித்தது சர் ஜான் டீன் பால் என்ற வங்கியாளருக்கு. 1855இல் பாலின் வங்கி மோசடியில் முறிந்தபோது கோரின் 20,000 பவுண்டும் அதோடு போயிற்று. லேடி பிளெஸிங்டனோ, கென்சிங்டனில் கோர் ஹவுஸ் என்ற மாளிகையில் லண்டனையே வரவழைத்து விருந்து வைத்துக்கொண்டே, அந்த விருந்துக்கான பணத்துக்காக அழகிகளின் படம் போட்ட ஆண்டு மலர்களை இரவு பகலாகத் தொகுத்தார். 1849இல் வீட்டுச் சாமான் முழுவதும் ஏலம் போயிற்று. சில வாரங்களில் பாரிஸில் இறந்தார். அந்த மனை இருந்த இடத்தில் இப்போது ராயல் ஆல்பர்ட் ஹால் நிற்கிறது. பிளெஸிங்டனின் எழுத்து கோருடையதைவிட மெலிந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். அவர் விற்கவேண்டியிருந்தது பளபளப்பை. விலையைச் சொன்னால் சரக்கு விற்காது.

ஆண்களும் விலை எழுதினார்களே, தாக்கரேயின் 'வேனிட்டி ஃபேர்' கணக்குப் புத்தகம் இல்லையா என்பது அடுத்த மறுப்பு. நியாயமானது. வருமானமே இல்லாமல் வசதியாக வாழ்வது எப்படி என்று அதில் ஓர் அத்தியாயமே உண்டு. ஆனால் அந்த நாவல் தொடராக வந்துகொண்டிருந்த 1847இல்தான் 'பஞ்ச்' இதழில் அவர் திருமதி கோரைப் போலி செய்து எழுதினார். போலி செய்கிறவன் மூலத்தை உற்றுப் படித்திருக்க வேண்டும். மேலும், அந்த நாவலின் நாயகி பெக்கி ஷார்ப்பின் கடனைத் தாக்கரே மேலேயிருந்து பொம்மலாட்டக்காரராகக் காட்டுகிறார். ஈவ்லினாவும், ஜான் டேஷ்வுட்டின் தங்கை எலினாரும் அந்தத் தொகையின் கீழ்ப்பக்கத்திலிருந்து பார்க்கிறார்கள். இரண்டும் வேண்டும். ஆனால் விமர்சன நூல்களில் தாக்கரேயின் பணம் சமூகப் பார்வை என்றும், பர்னியின் பணம் பெண்களுக்கான விஷயம் என்றும் பிரிக்கப்பட்டதற்கு எந்த நியாயமும் இல்லை.

மூன்றாவது மறுப்புதான் கனமானது. சில ஆயிரம் குடும்பங்களின் கதைதானே இது. அந்த மஸ்லினை நெய்தவன் எங்கே, துவைத்தவள் எங்கே? முழுப் பதில் என்னிடம் இல்லை, இந்த நூல்களிடமும் இல்லை. பாதிப் பதில் இருக்கிறது. 'ஈவ்லினா'வின் மூன்றாம் பாகத்தில் இரண்டு கனவான்கள் பந்தயம் கட்டுகிறார்கள்: எண்பது வயது தாண்டிய இரண்டு ஏழைக் கிழவிகளை ஓடவிட்டு, 100 பவுண்டுக்கு. சரளைப் பாதையில் மோதி இருவரும் விழுகிறார்கள்; மறுபடி ஓடும்போது ஒருத்தி விழுகிறாள். ஓடிப்போய்த் தூக்கப்போன ஈவ்லினாவைத் தடுத்து, முறைகேடு கூடாது என்று கனவான்களில் ஒருவர் கத்துகிறார். ஏழைகளைப் பற்றி அந்த நாவலில் அதிகப் பக்கங்கள் இல்லை. இந்த ஒரு பக்கத்தை வைத்துக்கொண்டு அந்தச் சமூகத்தை எடை போட முடியும்.

மீதிப் பதிலில் நம் கடற்கரையும் வருகிறது. ஜேன் ஆஸ்டினின் தந்தைக்கு பிலடெல்பியா என்று ஒரு சகோதரி. தாய் தந்தையை இழந்தவர். 1745இல் லண்டன் கோவென்ட் கார்டனில் தொப்பியும் சரிகையும் விற்கும் ஒரு பெண்ணிடம் வேலை பழக அனுப்பப்பட்டார். சீதனம் இல்லாத பெண்ணுக்குக் கடைசி வழியாக, 1752இல் கப்பலேறிச் சென்னைக்கு வந்து இறங்கினார். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் கடலூரில், செயின்ட் டேவிட் கோட்டையில் கம்பெனி வைத்தியராக இருந்த டைசோ சால் ஹான்காக்கை மணந்தார். அவர்கள் வங்காளம் போன பிறகு பிறந்த மகள் எலைசாவுக்கு வாரன் ஹேஸ்டிங்ஸ் 10,000 பவுண்டு எழுதிவைத்தார். எலைசா பிரெஞ்சுப் பிரபுவை மணந்து, அவர் கில்லட்டினில் இறந்தபின் 1797இல் ஜேனின் அண்ணன் ஹென்றிக்கே மனைவியானார். நாகரிகச் சமூகத்தின் வாசனையை அந்தப் பாதிரியார் வீட்டுக்குக் கொண்டுவந்தவர் அவர்தான். 1792இல், பதினாறு வயதில், ஜேன் எழுதி முடிக்காமல் விட்ட 'கேதரின்' கதையில், அனாதைப் பெண் ஒருத்தியை உறவினர் வங்காளத்துக்கு அனுப்பி, அவளைப்போல் இரண்டு மடங்கு வயதானவனுக்கு மணமுடிக்கிறார்கள். ஊரார் அதை அதிர்ஷ்டம் என்கிறார்கள். அவளுடைய தோழி ஏற்க மறுக்கிறாள். அத்தையின் கப்பல் பயணத்துக்கு என்ன விலை என்பதை அந்தப் பதினாறு வயதுப் பெண் கணக்குப் போட்டுவிட்டாள்.

பிலடெல்பியாவின் சென்னை, கடலூர் ஆண்டுகளைப் பற்றி இங்கிலாந்து ஆய்வாளர்கள் அவர்களுக்கு எட்டியவரை எழுதியிருக்கிறார்கள். அக்காலத்துக் கடலூரில் ஆங்கிலேயர் வீட்டு வாடகை என்ன, துணி கஜம் என்ன விலைக்குப் போயிற்று, துபாஷிக்கும் ஆயாவுக்கும் என்ன கூலி, அந்தக் குடும்பங்களை உள்ளூர் எந்தக் கண்ணோடு பார்த்தது என்பதையெல்லாம் தேட வேண்டியவர்கள் நாம். கம்பெனி காலத்து ஆவணங்கள் எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. பக்கத்திலேயே புதுச்சேரியில் அதே ஆண்டுகளில் ஆனந்தரங்கப் பிள்ளை நாள்தோறும் எழுதிய நாட்குறிப்பு தமிழிலேயே கிடைக்கிறது. ஆங்கில இலக்கியம் படிக்கும் மாணவரும் வரலாறு படிக்கும் மாணவரும் சேர்ந்து செய்ய வேண்டிய வேலை இது. இந்த அவையிலிருந்து ஒருவராவது அதை எடுத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.